இரவில் வந்த அழைப்பும் ஒரு வீட்டுச் சந்தேகமும்

வணக்கம், நேயர்களே. குமாரபாளையத்தில் விசைத்தறி ஓடும் எங்கள் தெருவில், கணவரின் சந்தேகத்தால் குலைய இருந்த ஒரு குடும்பத்தைப் பற்றி இன்று பேசுகிறேன். அந்த அக்காவின் சம்மதத்தோடுதான் பேசுகிறேன். பெயரைச் சொல்லப் போவதில்லை.

அவருடைய கைப்பேசியில் 'சார்' என்று மட்டும் பதிந்திருந்த எண்ணிலிருந்து, இரவு எட்டரை மணிக்கு மேல் அழைப்பு வரும். உடனே அவர் எழுந்து கொல்லைப்புறம் போய், துவைக்கும் கல்லருகே நின்று தணிந்த குரலில் பேசுவார். பட்டறையிலிருந்து திரும்பிய அவருடைய கணவர், அந்த அண்ணன், இதைச் சில நாள் கவனித்துவிட்டு, ஒரு நாள் கைப்பேசியைப் பிடுங்கிக்கொண்டார். தன் தாயின் முன்னிலையில் மனைவியின் நடத்தையைப் பழித்தார். கடைக்குக்கூடத் துணையின்றிப் போகக் கூடாது என்றார்.

அந்த 'சார்' குழுக் கடனுக்குத் தவணை வசூலிப்பவர். நாத்தனார் மகளின் மஞ்சள் நீராட்டு விழாவில் தாய்மாமன் சீர் குறைந்துவிடக் கூடாதே என்று, அக்கா கணவருக்குத் தெரியாமல் கடன் வாங்கி, சீட்டு எடுத்த பணம் என்று சொல்லி அவர் கையிலேயே கொடுத்திருக்கிறார். ஊர் பார்க்க அண்ணன் தட்டு வரிசையோடு நடந்த அந்தச் சீருக்கான தவணை தவறியதால் வந்த அழைப்புகளைத்தான், அவர் கள்ளத் தொடர்பு என்று எண்ணிவிட்டார்.

குழுக் கடன் போன்ற சிறு கடன்களுக்காக ரிசர்வ் வங்கி 2022-இல் வெளியிட்ட நுண்கடன் விதிகளின்படி, வசூலுக்காகக் காலை 9 மணிக்கு முன்பும் மாலை 6 மணிக்குப் பின்பும் கடன் பெற்றவரை அழைக்கக் கூடாது. இந்த விதி மதிக்கப்பட்டிருந்தால் அந்த அழைப்புகள் அண்ணனின் காதில் விழுந்தே இருக்காது. ஆனாலும், "யார் அது?" என்று ஒரு வார்த்தை கேட்காமல் பழி சொன்னது அவர்தான், அதற்கு வசூல்காரர் பொறுப்பல்ல.

அடித்தால்தான் வன்முறை என்று நம் பக்கத்தில் பலர் நினைக்கிறார்கள். 2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம், சொல்லால் இழிவுபடுத்துவதையும் மனத்தை வதைப்பதையும் வன்முறையாகவே கொள்கிறது. இப்படிப்பட்ட நிலையில் இருக்கும் சகோதரிகள் 181 என்ற பெண்கள் உதவி எண்ணை எந்நேரமும் அழைக்கலாம், தயவுசெய்து தயங்காதீர்கள்.

தவணை குறிக்கும் குழுக் கடன் அட்டையைக் கண்டபின் அண்ணன் தவணையைத் தானே கட்டத் தொடங்கிவிட்டார். கைப்பேசியையும் திருப்பிக் கொடுத்துவிட்டார். ஆனால் மன்னிப்பு இன்னும் கேட்கவில்லை. எந்தத் தாயின் முன்னிலையில் பழித்தாரோ அவர் முன்னிலையிலேயே கேட்க வேண்டும் என்று நான் அவரிடம் நேரில் சொல்லியிருக்கிறேன்.