குறை நினைக்காதேங்கோ, ஒருக்கால் பாப்பம்

வணக்கம் நேயர்களே.

நவம்பர் பிறக்கப் போகிறது. ஒன்ராறியோவின் பல பகுதிகளில் மான் வேட்டைக்கான துவக்குப் பருவம் தொடங்கும் நேரம். எங்கள் பிள்ளைகள் சிலர் இப்போது லைசென்ஸ் எடுத்து, வெள்ளைக்கார நண்பர்களோடு காட்டுக்குப் போகிறார்கள். போவதற்கு முன்பு என்னைப் போன்றவர்களிடம் வந்து கேட்கிறார்கள். கேட்காமல் போகிறவர்களும் இருக்கிறார்கள். இந்தப் பேச்சு அவர்களுக்கும், அவர்களை அனுப்பிவிட்டு வீட்டில் காத்திருக்கும் பெற்றோருக்கும்.

துவக்கு என்ற சொல்லைக் கேட்டதும் நெஞ்சு இறுகுகிறவர்கள் எங்களிடையே நிறையப் பேர். தமிழ்நாட்டு நேயர்களுக்கு அது துப்பாக்கி. எங்களுக்கு அந்தச் சொல்லோடு வந்து சேரும் நினைவுகள் வேறு. நானும் வன்னியில் பிறந்தவன்தான். அப்பாவிடம் பன்றி விரட்ட ஓர் இடியன் துவக்கு இருந்தது. குழல் வாய் வழியாக வெடிமருந்தைப் போட்டு இடிக்கிற பழைய துவக்கு. குடிலின் மூலையில் சாத்தி வைத்திருப்பார். மருந்து இடித்ததா, வெறுமையா என்று தூர நின்று பார்க்கிற எங்களுக்குத் தெரியாது. “தொடாதே” என்ற ஒரு சொல்தான் எங்களுக்குக் கிடைத்த பயிற்சி. பெரியவர்கள் “அது வெறுந் துவக்கு” என்றால் வெறுந் துவக்குத்தான். திரும்பப் பார்ப்பது அவர்களை நம்பாததற்குச் சமம்.

அந்தப் பழக்கத்தை நான் கனடாவுக்கும் கொண்டுவந்தேன். அது என்ன செய்தது என்று சொல்கிறேன்.

எட்டு வருடங்களுக்கு முன்பு, ஹலிபேர்ட்டன் பக்கம் ஒரு காடு. இங்கே சூரியன் மறைந்து அரை மணி நேரத்துக்குள் வேட்டையை நிறுத்திவிட வேண்டும், சட்டம் அது. நிறுத்தினேன். கணுக்கால் அளவு பனி. விரல் விறைத்துப் போயிருந்தது. றைபிளில் தோட்டாக்கள் அடுக்கியிருக்கும் பெட்டியை, அதாவது மகசினை, கழற்றிச் சட்டைப் பைக்குள் போட்டேன். தவறிச் சுடாமல் தடுக்கும் சேஃப்டி பூட்டித்தான் இருந்தது. வாகனம் நின்ற இடத்துக்கு நடந்து வந்தேன். என்னோடு வந்தவர் என்னைவிடப் பத்து வயது இளையவர். துவக்கை உறைக்குள் வைக்க அவரிடம் நீட்டினேன். “வெறுந் துவக்குத்தான் தம்பி, மகசினைக் கழட்டிட்டன்” என்றேன்.

அவர் வாங்கி, குழலை மண் மேட்டுப் பக்கம் திருப்பினார். “அண்ணை, குறை நினைக்காதேங்கோ, ஒருக்கால் பாப்பம்” என்றபடி சேஃப்டியை விடுவித்து, போல்ட்டின் கைப்பிடியை மேலே தூக்கிப் பின்னால் இழுத்தார். உள்ளேயிருந்து ஒரு முழுத் தோட்டா துள்ளி வந்து பனியில் விழுந்தது. விழுந்த இடத்தில் சின்னதாக ஒரு துளை. அதற்குள் பித்தளை மினுங்கியது.

இரண்டு பேரும் பேசவில்லை. அந்தத் துவக்கோடு நான் இருபது நிமிடம் நடந்து வந்திருந்தேன். பாதி வழி அவர் எனக்கு முன்னால் நடந்தார்.

எப்படி நடந்தது? போல்ட் றைபிளின் வேலையைப் புரிந்துகொண்டால் இது விளங்கும். போல்ட் என்பது கதவுத் தாழ்ப்பாள் மாதிரி ஓர் இரும்புத் தண்டு. அதற்கு நான்கு அசைவுகள். கைப்பிடியை மேலே தூக்கினால் பூட்டு விடுபடும். பின்னால் இழுத்தால், அதன் முனையில் இருக்கும் கொக்கி, குழலின் அடியில் இருக்கிற தோட்டாவையோ சுட்டு முடிந்த வெற்றுக் கோதையோ இழுத்து வெளியே எறியும். முன்னால் தள்ளினால் மகசினில் மேலே இருக்கும் தோட்டாவைக் கூட்டிக்கொண்டு போய்க் குழலுக்குள் சொருகும். கைப்பிடியைக் கீழே மடக்கினால் பூட்டிக்கொள்ளும். ஜெர்மனியில் மௌசர் 1898இல் கொண்டுவந்த அமைப்பின் அடிப்படைதான் இன்றைக்கும் பெரும்பாலான வேட்டை றைபிள்களில் இருக்கிறது. எளிமையானது, பனியிலும் சேற்றிலும் வேலை செய்யும். கனடாவின் வடக்கே காவல் பணி செய்யும் ரேஞ்சர்கள் பல பத்தாண்டுகள் பழைய லீ-என்ஃபீல்டு றைபிளை வைத்திருந்தார்கள். அதை மாற்றியபோதும் இன்னொரு போல்ட் றைபிளைத்தான் கொடுத்தார்கள்.

கவனியுங்கள், தோட்டா இரண்டு இடத்தில் இருக்கலாம். ஒன்று மகசின், மற்றது குழலின் அடியில் இருக்கும் அறை. மகசினைக் கழற்றினால் முதலாவது இடம்தான் வெறுமையாகும். அறைக்குள் இருப்பது அங்கேயே இருக்கும், சுடுவதற்குத் தயாராக. என் துவக்கில் சேஃப்டி பூட்டியிருந்தால் போல்ட்டும் அசையாது. திறக்க வேண்டுமென்றால் சேஃப்டியை விடுவிக்க வேண்டும். விறைத்த விரலோடு அதைச் செய்யப் பஞ்சிப்பட்டேன், சோம்பல்தான். கடைசியாக நின்ற இடத்திலேயே அறையை வெறுமையாக்கிவிட்டேன் என்று மனம் சொன்னது. மனம் சொன்னதை நம்பினேன்.

சில றைபிள்களில் சேஃப்டிக்கு மூன்று நிலைகள் உண்டு. நடு நிலையில் வைத்தால் விரலால் இழுத்துச் சுடுகிற விசை பூட்டியே இருக்கும், போல்ட் மட்டும் திறக்கும். தோட்டாவை எடுக்கும்போதும் பூட்டு விடுபடாமல் இருப்பது பெரிய ஆறுதல். புதிதாக வாங்கப் போகிறவர்கள் விலையையும் எடையையும் பார்க்கும்போது இதையும் பாருங்கள். ஆனால் எந்தச் சேஃப்டியும் ஓர் இயந்திரத் துண்டுதான். தேயும், அழுக்கு அடையும், புதரில் உரசி விடுபடும்.

சரி, தோட்டாவை எப்படி எடுப்பது? குழல் வாயைப் பாதுகாப்பான பக்கம் திருப்புங்கள். காட்டில் அது பெரும்பாலும் மண் மேடு. பாறையும் உறைந்த தண்ணீரும் சன்னத்தை, அதாவது தோட்டாவிலிருந்து பறந்து போகும் குண்டை, திருப்பி எறியும். விரல் விசைக் காப்புக்கு வெளியே, கட்டை நெடுகப் படிந்திருக்கட்டும். முதலில் மகசினைக் கழற்றுங்கள், போல்ட் அதற்குப் பிறகுதான். இந்த வரிசை முக்கியம். மகசின் உள்ளே இருக்க, “பார்ப்போம்” என்று போல்ட்டை இழுத்து மறுபடி தள்ளினால் என்ன நடக்கும்? இருந்த தோட்டா வெளியே விழும். அது விழுந்ததைப் பார்த்து நீங்கள் நிம்மதியாக இருக்கும்போது அடுத்தது உள்ளே போயிருக்கும்.

கழற்ற முடியாத மகசின் உள்ள றைபிள்களும் இருக்கின்றன. பலவற்றில் அடிப்பக்கத் தகட்டைத் திறந்தால் தோட்டாக்கள் கைக்குள் விழுந்துவிடும். அந்தத் தகடும் இல்லாததில் போல்ட்டால் ஒவ்வொன்றாகத்தான் எடுக்க வேண்டும். அங்கே ஒரு நுணுக்கம். மௌசர் வகையில் தோட்டா மகசினை விட்டு மேலே எழும்போதே கொக்கி அதைப் பிடித்துக்கொள்ளும். இன்றைய றைபிள்கள் பலவற்றில், போல்ட்டை முழுக்கப் பூட்டும்போதுதான் கொக்கி பிடிக்கும். அந்த வகையில் போல்ட்டை முன்னால் தள்ளி, மடக்காமல் திரும்ப இழுத்தால், போல்ட் வெறுமையாக வரும். தோட்டா அறைக்குள்ளேயே தங்கிவிடும். போல்ட்டில் ஒன்றும் இல்லையே என்று துவக்கை மூடி வைத்துவிடுகிற ஆபத்து இதில் இருக்கிறது.

அதனால்தான் கண்ணால் பார்ப்பது போதாது என்கிறேன். மாலை இருட்டில் அந்த அறை ஒரு கறுப்பு ஓட்டை. சின்ன விரலை விட்டுத் தடவுங்கள். விளிம்பு விரலில் தட்டுப்பட வேண்டும், அதற்குள் ஒன்றும் தட்டுப்படக் கூடாது. மகசின் இருந்த இடத்தையும் தடவுங்கள்.

கனடாவில் லைசென்சுக்கு முன்பு எடுக்கும் பாதுகாப்பு வகுப்பில் இதற்கென்றே ‘புரூவ்’ (PROVE) என்று ஒரு வாய்பாடு சொல்லித் தருவார்கள், எழுத்துக்கு ஒரு படி. பாதுகாப்பான திசை, தோட்டாக்களை அகற்றுதல், அறையைப் பார்த்தல், தோட்டா வரும் வழியைச் சரிபார்த்தல், கடைசியாகக் குழலின் உட்பக்கத்தைப் பார்த்தல். எழுத்துத் தேர்விலும் செய்முறைத் தேர்விலும் 80 சதவீதம் எடுக்க வேண்டும். சோதனைக்காக மனப்பாடம் செய்து மறந்துவிடாதீர்கள். காட்டில் அந்த ஐந்தும் கைப்பழக்கமாக வர வேண்டும்.

குழலின் உட்பக்கம் பார்ப்பது ஏன் என்று சிலர் கேட்பார்கள். நான் பார்த்தவரையில், இங்கே குழலை அடைப்பது பெரும்பாலும் பனிதான். ஒருவர் சறுக்கி விழுவார், குழல் வாய் பனிக்குள் புதையும், எழுந்து தட்டிவிட்டு நடப்பார். உள்ளே அடைத்த பனி அப்படியே இருக்கும். அதோடு சுட்டால் குழல் வெடித்துப் பிளக்கலாம். வேட்டைக்காரர்கள் சிலர் குழல் வாயில் ஒரு துண்டு மின்சார டேப்பை ஒட்டிக்கொள்வார்கள். சுடும்போது சன்னத்துக்கு முன்னே வரும் காற்றே அதைக் கிழித்துவிடும். நல்ல பழக்கம், நானும் செய்கிறேன்.

ஏற்றும்போதும் அவசரம் வேண்டாம். குழலில் பொறித்திருக்கும் அளவும் தோட்டாவின் அடிவட்டத்தில் பொறித்திருக்கும் அளவும் ஒன்றா என்று வாசியுங்கள். .308, .243, 7எம்எம்-08 என்ற தோட்டா வகைகள் மூன்றும் ஒரே கோதின் உடலிலிருந்து வந்தவை, கழுத்துத்தான் வேறு. கையுறை போட்ட கையில் மூன்றும் ஒன்றாகத்தான் படும். ஒரு பையில் ஒரே வகைத் தோட்டாதான் இருக்க வேண்டும், வீட்டில் எத்தனை றைபிள் இருந்தாலும்.

நடக்கும்போது அறை வெறுமையாகவே இருக்கட்டும். நிற்கும் இடத்துக்கு வந்து, கூட்டாளிகள் எங்கே நிற்கிறார்கள் என்று தெரிந்த பிறகு போல்ட்டைத் தள்ளுங்கள். வேலி தாண்ட வேண்டுமா, விழுந்த மரம் ஏற வேண்டுமா, மகசினையும் அறையையும் வெறுமையாக்கிவிட்டுத் தாண்டுங்கள். மரத்தில் கட்டிய பரணுக்குத் துவக்கைத் தூக்கிக்கொண்டு ஏறக் கூடாது. வெறுமையாக்கி, வாய் கீழே தொங்கக் கயிற்றில் கட்டி, நீங்கள் ஏறிய பிறகு இழுத்தெடுங்கள். வாகனத்தைப் பற்றி ஒன்று: ஒன்ராறியோ சட்டப்படி, அறையில் தோட்டா இல்லாவிட்டாலும், தோட்டா உள்ள மகசின் துவக்கில் மாட்டியிருந்தாலே அது ஏற்றிய துவக்குத்தான். அதை வாகனத்துக்குள் வைத்திருக்க முடியாது.

அப்புறம், தயவு செய்து துவக்கின் மேல் மாட்டிய குறிபார்க்கும் ஸ்கோப்பைத் தூரக்கண்ணாடியாகப் பாவிக்காதீர்கள். புதர் அசைகிறது, என்னவென்று தெரியவில்லை, உடனே துவக்கைத் தூக்கி ஸ்கோப்பில் பார்க்கிறார்கள். அங்கே நிற்பது ஒரு மனிதராக இருந்தால், அவர் நெஞ்சுக்கு நேரே நீங்கள் குழலைப் பிடித்திருக்கிறீர்கள். மான் என்று உறுதியாகத் தெரிந்த பிறகுதான் துவக்கு தோளுக்கு வர வேண்டும். அதற்குப் பின்னால் என்ன இருக்கிறது என்பதும் தெரிய வேண்டும். வேட்டை றைபிளின் சன்னம் தடையில்லாமல் போனால் மூன்று கிலோமீட்டரையும் தாண்டும். செம்மஞ்சள் மேலாடையும் தொப்பியும் கட்டாயம் என்று சட்டம் சொல்வது இதனால்தான்.

விசையை அழுத்தி “டிக்” என்ற சத்தம் மட்டும் வந்தால் உடனே போல்ட்டைத் திறக்காதீர்கள். குழலைப் பாதுகாப்பான திசையில் பிடித்தபடி அறுபது வினாடி எண்ணுங்கள். மருந்து சுணங்கியும் பற்றலாம். வெடிச் சத்தம் வழக்கத்தைவிட மெலிந்து கேட்டாலும் அடுத்தது சுடக் கூடாது. துவக்கை வெறுமையாக்கிக் குழலைப் பாருங்கள், முதல் சன்னம் உள்ளேயே சிக்கியிருக்கலாம்.

வீட்டு விஷயத்துக்கு வருகிறேன். துவக்கை வெறுமையாக வைத்திருக்க வேண்டும். அதற்கு மேல், பூட்டுப் போடவோ, பூட்டிய பெட்டிக்குள் வைக்கவோ, போல்ட்டைக் கழற்றி எடுக்கவோ வேண்டும் என்கிறது சட்டம். தோட்டாவும் துவக்கும் ஒன்றாகக் கைக்கெட்டக் கூடாது, தோட்டாவைப் பூட்டிய பெட்டிக்குள் வைத்திருந்தால் ஒழிய. பூட்டு, பெட்டி, போல்ட் என்ற மூன்றில் ஒன்றைச் செய்தாலே சட்டத்துக்குப் போதும், ஆனால் துவக்கை வெறுமையாக வைப்பதும் தோட்டா விதியும் எப்போதும் வேண்டும். சின்னப் பிள்ளைகள் வந்து போகிற எங்கள் வீட்டில் நான் எல்லாவற்றையும் செய்கிறேன். போல்ட் ஒரு பூட்டில், துவக்கு ஒரு பூட்டில், தோட்டா இன்னொரு பூட்டில்.

என் மகளுக்கு இப்போது பத்தொன்பது வயது. போன வருடம் லைசென்ஸ் எடுத்தாள். ஒரு குளிர்காலம் முழுக்க நிலவறையில் மேசையில் வைத்துப் பழகினோம், மருந்தில்லாத போலித் தோட்டாக்களோடு. ஏற்றுவாள், இறக்குவாள், விரலால் தடவுவாள். கையுறை போட்டுக்கொண்டும் செய்வாள், விளக்கை அணைத்துவிட்டும் செய்வாள். ஆரம்பத்தில் நான் துவக்கைத் திறந்து காட்டி அவளிடம் கொடுத்தால், வாங்கி அப்படியே வைத்துவிடுவாள். அப்பா பார்த்தது போதாதா என்பது அவள் எண்ணம். ஊரில் மூலையில் சாத்தியிருந்த அந்த இடியனைப் பார்த்தபடி நின்ற என்னைத்தான் அவளில் கண்டேன். பனியில் விழுந்த தோட்டாவின் கதையை அன்றைக்குத்தான் அவளுக்குச் சொன்னேன்.

போன நவம்பரில் முதல் தடவையாக அவளும் காட்டுக்கு வந்தாள். மாலையில் வாகனத்துக்குப் பக்கத்தில் நின்று மகசினைக் கழற்றினேன், போல்ட்டைத் திறந்தேன், பார்த்தேன், தடவினேன், திறந்தபடியே அவளிடம் நீட்டினேன். அவள் வாங்கி, வாயை மேட்டுப் பக்கம் திருப்பி, கையுறையைப் பல்லால் கடித்து இழுத்துக் கழற்றிவிட்டு, சின்ன விரலை உள்ளே விட்டாள். “வெறுமை” என்றாள். குறை நினைக்காதீர்கள் என்று அவள் சொல்லவில்லை.