லாக்ஸ்டன்: வேலியில்லாத வயல்களின் ஊர்

நேயர்களுக்கு வணக்கம்.

இங்கிலாந்துக் கிராமம் என்றதும் நம் மனக்கண்ணில் வருவது என்ன? தேவாலயக் கோபுரம், செங்கல் வீடுகள், சுற்றிலும் உயிர்வேலி போட்டுக் கட்டம் கட்டமாகப் பிரித்த பச்சை வயல்கள். நாட்டின் நடுப்பகுதியில் அந்த உயிர்வேலிகளில் பெரும்பாலானவை பதினெட்டாம், பத்தொன்பதாம் நூற்றாண்டுகளில் நட்டவை. அதற்கு முன் அங்கே பல ஊர்களில் வயலுக்கு வேலி கிடையாது. ஊரைச் சுற்றி இரண்டோ மூன்றோ பெரிய வயல்கள் இருக்கும். ஒவ்வொன்றும் நூற்றுக்கணக்கான ஏக்கர். அதில் ஊர்க் குடியானவர் ஒவ்வொருவருக்கும் அங்கொன்றும் இங்கொன்றுமாக நீண்ட கீற்றுகளாகப் பங்கு உண்டு. அந்த ஏற்பாடு, அதை நிர்வகிக்கும் ஊர் நீதிமன்றத்தோடு சேர்த்து, இன்றும் உயிரோடிருக்கும் ஊர் லாக்ஸ்டன். நாட்டிங்ஹாம்ஷயர் மாவட்டத்தில், நியூவார்க் நகரிலிருந்து சுமார் 10 மைல் தொலைவில் இருக்கிறது. இன்றைய உரை அந்த ஊரைப் பற்றியது.

1086இல் எடுத்த டூம்ஸ்டே கணக்கெடுப்பிலேயே லாக்ஸ்டன் இருக்கிறது. நார்மன் படையெடுப்புக்கு முன் டோக்கி என்பவர் கையில் இருந்த ஊர், பிறகு ஜெஃப்ரி ஆல்செலின் என்ற நார்மன் பிரபுவுக்குப் போனது. ஊருக்கு வடக்கே மண்ணைக் குவித்துக் கட்டிய கோட்டையின் மேடு இன்றும் நிற்கிறது. ஷெர்வுட் காட்டின் காவல் பொறுப்பைப் பரம்பரையாக வகித்த எவரிங்ஹாம் குடும்பத்தாரின் கல்லறைச் சிற்பங்கள் புனித மிக்கேல் தேவாலயத்தில் இருக்கின்றன. அவற்றில் ஒன்று மரத்தில் செதுக்கிய பெண் உருவம். அந்த மாவட்டத்தில் மிஞ்சியிருக்கும் இடைக்கால மரச் சிற்பக் கல்லறை அது ஒன்றுதான்.

ஆனால் லாக்ஸ்டனின் பெருஞ்செல்வம் ஒரு வரைபடம். 1635இல் மார்க் பியர்ஸ் என்ற நில அளவையாளர் வரைந்தது. இப்போது ஆக்ஸ்ஃபோர்டின் போட்லியன் நூலகத்தில் இருக்கிறது. ஒவ்வொரு கீற்றும், யார் பெயரில் எவ்வளவு என்ற பதிவோடு, தனித்தனியாகக் காட்டப்பட்டிருக்கிறது. வயலுக்குள்ளேயே ஏர் ஓட்டுகிறவர், கதிர் அறுக்கிறவர், மேயும் கால்நடை என்று சின்னச் சின்ன உருவங்கள் வேறு. இதை வரையச் சொன்னவர் ஊரை விலைக்கு வாங்கியிருந்த லண்டன் வணிகர் சர் வில்லியம் கோர்ட்டன். நம் காதுக்கு இந்தப் பெயர் முக்கியம். கிழக்கிந்தியக் கம்பெனிக்குப் போட்டியாக இந்தியக் கரைக்குக் கப்பல் அனுப்ப மன்னர் முதலாம் சார்லஸிடம் அனுமதி பெற்ற கூட்டமைப்புக்குப் பணம் போட்டவர் அவரேதான். அதுவும் அதே காலத்தில். அடுத்து ஊர் பியர்பாண்ட் குடும்பத்துக்குப் போனது. அந்த வழியில் வந்தவர்கள்தான் பின்னாளில் மான்வர்ஸ் பிரபுக்கள்.

இனி வயலுக்குள் போவோம். மேற்கு வயல், தெற்கு வயல், மில் வயல் என்று மூன்று. மொத்தம் சுமார் 480 ஏக்கர். சுழற்சி எளிது. இந்த ஆண்டு ஒரு வயல் முழுவதும் இலையுதிர் காலத்தில் விதைக்கும் கோதுமை. இன்னொன்றில் வசந்தத்தில் விதைக்கும் பார்லி, பீன்ஸ் போன்றவை. மூன்றாவது தரிசு, அல்லது புல்லும் தீவனமும். அடுத்த ஆண்டு ஒவ்வொரு வயலும் ஒரு படி நகரும். கோதுமை நின்ற இடத்தில் வசந்தப் பயிர், அது நின்ற இடம் தரிசு, தரிசு கோதுமையாகும். ஒரே குடியானவருக்கு மூன்று வயலிலும் கீற்று இருப்பதால், எந்த ஆண்டிலும் யாருக்கும் முழு நிலமும் தரிசாகப் போய்விடாது. கீற்றுகள் சிதறிக் கிடப்பதற்கும் பொருள் உண்டு. மேட்டு மண், பள்ளத்து ஈர மண், நல்லது, கெட்டது எல்லாம் எல்லோருக்கும் கொஞ்சம் கொஞ்சம் வரும்.

கீற்றின் அளவு உழவிலிருந்து பிறந்தது. இங்கிலாந்தின் பழைய ஏக்கர் 220 கஜம் நீளம், 22 கஜம் அகலம். அந்த நீளத்துக்கு ஃபர்லாங் என்று பெயர். நம் ஊர் மைல் கல்லில்கூட ஒரு காலத்தில் இருந்த அதே ஃபர்லாங். எருதுகள் பல பூட்டிய கனத்த கலப்பையை வளைத்துத் திருப்புவது பெரும்பாடு. அதனால் திருப்பங்களைக் குறைத்து நீளமாக உழுதார்கள். முனையை நெருங்கும் முன்பே எருதுகளை ஒரு பக்கம் ஒதுக்க வேண்டியிருந்ததால், பழைய கீற்றுகள் பலவும் நேர்கோடாக இல்லாமல் லேசாக வளைந்தே போகின்றன. கலப்பை மண்ணை ஒரே பக்கம் புரட்டும். நடுவிலிருந்து தொடங்கிச் சுற்றிச் சுற்றி உழுதால் நடு மேடாகும், ஓரம் பள்ளமாகும். லாக்ஸ்டன் மண் இறுகிய களிமண். தண்ணீர் சுலபத்தில் இறங்காது. அந்த ஓரப் பள்ளமே வடிகாலாகிவிட்டது.

கீற்றுகளுக்கு இடையே வேலி இல்லை, வரப்பும் இல்லை. அப்படியானால் எல்லையை எப்படிக் காப்பது? உழும்போது கலப்பை ஒரு சால் தள்ளி இறங்கினால் பக்கத்துக்காரர் நிலத்தில் ஓரடி போய்விடும். வேண்டுமென்று செய்யாவிட்டாலும் ஆண்டுக்காண்டு அது கூடும். பொதுப் பாதையும், உழ முடியாத ஈரப் பள்ளத்தில் விடப்பட்ட சைக் எனப்படும் புல்வெளியும் இன்னும் சுலபமாகக் கரையும். அவற்றின் ஓரத்தில் நின்று சண்டை போட உரிமைக்காரர் யாரும் இல்லையே!

இதற்குத்தான் ஜூரி. நவம்பர் கடைசியில் ஒரு நாள், ஊரின் டவ்கோட் மதுவிடுதியில் குடியானவர்கள் கூடுகிறார்கள். தலைவராக ஃபோர்மன் ஒருவர், ஜூரர்கள் பன்னிரண்டு பேர். டிராக்டரின் பின்னால் டிரெய்லரில் ஏறி அந்த ஆண்டின் கோதுமை வயலுக்குப் போவார்கள். அந்தக் காலத்தைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. விதைப்பு முடிந்து பயிர் முளைத்திருக்கும். யார் எதுவரை விதைத்தார் என்பது பச்சைக் கோடாகத் தரையிலேயே தெரியும். எல்லை மங்கிய இடங்களில் மர முளைகளைச் சுத்தியலால் அடித்து இறக்குவார்கள். அந்த முளையிலிருந்து எதிர் முனை முளைக்குக் கண்ணால் நேர் பிடித்துப் பார்த்தால் எவர் பக்கம் வீங்கியிருக்கிறது என்று தெரிந்துவிடும். பாதையை உழுதாரா, சைக்கில் கலப்பை ஏற்றினாரா, வாய்க்காலைத் தூர்வாராமல் விட்டாரா என்று ஒவ்வொன்றாகப் பார்த்து, திரும்பி வந்து அபராதம் முடிவு செய்வார்கள். தொகை சில பவுண்டுகள்தான். ஆனால் தப்புச் செய்தவர் பெயர் ஊர் நடுவில் வாசிக்கப்படும். ஜூரர்களே அங்கே உழுகிறவர்கள் என்பதால் அவர்கள் பெயரும் பட்டியலில் ஏறும். என் பார்வையில் இந்த முறையின் நேர்மையே அதில்தான் இருக்கிறது.

ஒரு வாரம் கழித்து அதே விடுதியில் கோர்ட் லீட் எனப்படும் ஊர் நீதிமன்றம் கூடும். நில உடைமையாளரின் பிரதிநிதியான ஸ்டூவர்டு தலைமையில் ஜூரியின் அறிக்கை பதிவாகும், அபராதம் உறுதியாகும், அடுத்த ஆண்டின் ஜூரி பதவிப் பிரமாணம் எடுக்கும். இது வேடிக்கைக்கு நடத்தும் சடங்கு அல்ல. 1977இன் நீதி நிர்வாகச் சட்டம் இங்கிலாந்தில் எஞ்சியிருந்த கோர்ட் லீட்களின் சட்ட அதிகாரத்தை எடுத்துவிட்டது. லாக்ஸ்டனுக்கு மட்டும் விலக்குக் கொடுத்தது.

ஊருக்குள்ளும் இந்த முறையின் சுவடு தெரியும். பண்ணை வீடுகள் வயலில் இல்லை, தெருவோரம் வரிசையாக இருக்கின்றன. பல வீடுகள் பக்கச் சுவரைத் தெருவுக்குக் காட்டி, கொட்டகையும் களமும் பின்னால் நீள நிற்கின்றன. அடுத்தவர் பயிரில் மேய்ந்த மாட்டை அடைக்கும் பட்டியும் உண்டு. சைக்குகளின் புல்லை அறுக்கும் உரிமை ஆண்டுதோறும் கோடையில் ஏலத்துக்கு வரும். உழவே படாத நிலம் என்பதால் வேறெங்கும் அரிதாகிவிட்ட புல்லும் பூவும் அங்கே நிறைய. அதனாலேயே அவை பாதுகாக்கப்பட்ட இடங்கள்.

மற்ற ஊர்கள் ஏன் இதை இழந்தன? 1604க்கும் 1914க்கும் இடையே நாடாளுமன்றம் பொது வயல்களை வேலியிட்டுப் பிரிக்கும் 5,200க்கும் மேற்பட்ட அடைப்புச் சட்டங்களை இயற்றி, சுமார் 68 லட்சம் ஏக்கரைத் தனித்தனி உடைமையாக மாற்றியது. பெரிய நிலக்காரருக்கு அது லாபம். ஒரு பசு மேய்க்கும் உரிமையை மட்டும் நம்பியிருந்த குடிசைக்காரருக்கு அந்தப் பசுவே போனது. லாக்ஸ்டனில் நிலம் பல கைகளில் இருந்தது, பெரிய உடைமையாளர்கள் ஒத்துப்போகவில்லை. காரியம் பாதியில் நின்றது. பிறகு 1900களின் தொடக்கத்தில் மான்வர்ஸ் பண்ணை கீற்றுகளை ஒன்று சேர்த்து எண்ணிக்கையைக் குறைத்து, அகலத்தைக் கூட்டியது. அது இழப்புதான் என்று சொல்பவர்கள் உண்டு. ஆனால் அதைச் செய்யாமல் விட்டிருந்தால் டிராக்டரும் அறுவடை இயந்திரமும் உள்ளே திரும்பியிருக்கவே முடியாது. முறையே அன்றோடு முடிந்திருக்கும்.

1952இல் மான்வர்ஸ் பிரபு ஊரை வேளாண் அமைச்சகத்துக்கு விற்றார். 1981இல் அது மன்னர் சொத்து நிர்வாகமான கிரவுன் எஸ்டேட்டுக்குப் போனது. 2020இல் மான்வர்ஸ் வழியினரின் தோர்ஸ்பி எஸ்டேட் திரும்ப வாங்கியது. உடைமை யாரிடம் இருந்தாலும் அன்றாடச் சுமை குத்தகைக்காரர்கள் தோளில்தான். பிரிட்டன் முழுவதும் சிறு பண்ணைகள் பெரியவற்றோடு சேர்ந்துகொண்டிருக்கின்றன. லாக்ஸ்டனில் ஒரு பண்ணை காலியானால், அதை இன்னொன்றோடு சேர்ப்பது கணக்குக்கு வசதி. ஆனால் உழுகிறவர் ஒருவர் குறைந்தால் ஜூரிக்கு ஆள் ஒருவர் குறைவார். இரண்டு மூன்று பேரே மூன்று வயலையும் உழுதால், யாருக்கும் யாருக்கும் நடுவே முளை அடிப்பது? அதனால் காலியாகும் பண்ணையைத் தனியாகவே வைத்து, புதிதாக உழவுக்கு வரும் இளம் குடும்பத்துக்குக் கொடுப்பதே லாக்ஸ்டனுக்குச் செய்ய வேண்டிய முதல் காரியம்.

வணக்கம்.