மறுப்பவர் முதலில் பேசட்டும்

(ரங்கூனில் தமிழ்க் கத்தோலிக்கர் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

வணக்கத்துக்குரிய சாமி அவர்களே, பெரியோர்களே, தம்பி தங்கைகளே!

கத்தோலிக்க மெய்யியல் நவீன சிந்தனைக்கு என்ன பதில் சொல்கிறது என்று பேசச் சொன்னீர்கள். கேட்பதற்குப் பெரிய தலைப்பாக இருக்கிறது. ஆனால் நம் வீடுகளில் அடிக்கடி நடக்கிற பேச்சுதான் இது. கல்லூரிக்குப் போகிற பிள்ளை வந்து கேட்கிறது: "உலகம் எப்படி உருவானது என்று அறிவியல் விளக்குகிறது. பக்கத்து வீட்டு பர்மியக் குடும்பம், படைத்தவர் என்று ஒருவரை நம்பாமலே நேர்மையாகவும் இரக்கமாகவும் வாழ்கிறது. பிறகு கடவுள் எதற்கு?" நாம் என்ன சொல்கிறோம்? "அதெல்லாம் கேட்கக் கூடாது, விசுவசி!" என்று வாயை அடைத்துவிடுகிறோம்.

அன்பர்களே, அது கத்தோலிக்கப் பதிலே அல்ல. 1870-இல் ஆயர்கள் கூடிய முதலாம் வத்திக்கான் சங்கம் இரண்டு பக்கமும் பார்த்துத் தீர்ப்புச் சொன்னது. மனித அறிவே போதும், கடவுள் தம்மை வெளிப்படுத்தத் தேவையில்லை என்பதையும் ஏற்கவில்லை. அறிவால் கடவுளை அறியவே முடியாது, கண்ணை மூடிக்கொண்டு நம்பு என்பதையும் ஏற்கவில்லை. படைப்பிலிருந்து கடவுளை உறுதியாக அறியும் ஆற்றல் மனித அறிவுக்கு உண்டு என்பது நம் திருச்சபையின் போதனை. அப்படியானால் சிந்திக்கிற பிள்ளையை அதட்டுகிறவர்தான் போதனையை மீறுகிறார்.

தூய அக்குவினா தோமாவின் இறையியல் தொகுப்பை எடுத்துக்கொள்வோம். 1274-இல் அவர் இறந்தபோது முடிவுறாமல் நின்ற நூல் அது. எந்தக் கேள்வியை எடுத்தாலும் எதிர்த்தரப்பு வாதத்தைத்தான் முதலில் எழுதுவார். கடவுள் உண்டா என்ற கேள்விக்கு அவர் அடுக்கும் மறுப்புகள் இரண்டே இரண்டு. ஒன்று: எல்லையற்ற நன்மை ஒன்று இருந்தால் தீமைக்கு இடமே இருக்கக் கூடாது, ஆனால் உலகில் தீமை இருக்கிறது. இரண்டு: இயற்கை நிகழ்வுகளை இயற்கையே விளக்கிவிடும், மனிதச் செயல்களை மனிதனின் அறிவும் விருப்பமும் விளக்கிவிடும், ஆகவே கடவுள் தேவையில்லை. நம் பிள்ளை கேட்டது இந்த இரண்டாவது மறுப்பைத்தானே? அறிவியல் உலகத்தை விளக்குகிறது, பக்கத்து வீட்டார் கடவுள் இல்லாமலே நல்லவர்களாக இருக்கிறார்கள். எழுநூறு ஆண்டுகளுக்கு மேலாக நம் சொந்த நூலில் இருக்கிற கேள்வி அது. அதைக் கேட்ட பிள்ளையை நாத்திகன் என்கிறோம்.

இந்த முறை தமிழுக்கும் புதிதல்ல. அதே பதின்மூன்றாம் நூற்றாண்டில் அருணந்தி சிவாசாரியார் சிவஞான சித்தியாரில் தம் சைவக் கொள்கையைச் சொல்லும் சுபக்கத்துக்கு முன்பே, பிறர் மதங்களைச் சொல்லி மறுக்கும் பரபக்கத்தை வைத்தார். கடவுளே இல்லை என்ற உலகாயதன் அங்கே முதல் ஆளாக வந்து பேசுகிறான். ஒருவரையொருவர் அறியாத அந்த இருவரும் ஒரே அறிவு நாணயத்தைக் கடைப்பிடித்தார்கள். மறுக்கப் போகிற கருத்தை முதலில் முழுவதும் சொல்லிவிட வேண்டும்.

பிற்காலத்தில் நம் திருச்சபை இதைப் பெரிதும் கைவிட்டது. வருத்தத்தோடுதான் சொல்கிறேன். பிரெஞ்சு மெய்யியலாளர் தெக்கார்த்தின் நூல்கள் 1663-இல், கத்தோலிக்கர் படிக்கக் கூடாத நூல்களின் தடைப் பட்டியலில் ஏறின. ஜெர்மன் மெய்யியலாளர் கான்ட்டின் தலையாய நூல் 1827-இல் ஏறியது. 1864-இல் திருத்தந்தை 9ஆம் பத்திநாதர் 80 தவறான கருத்துகளைப் பட்டியலிட்டு வெளியிட்டார். பிரெஞ்சுப் புரட்சியில் குருக்கள் வெட்டுண்டதைக் கண்ட திருச்சபை அது. அச்சம் காரணமில்லாமல் வரவில்லை. ஆனால் பட்டியலால் ஒரு கருத்தைக் கண்டிக்க முடியுமே தவிர, அதற்குப் பதில் சொல்ல முடியாது.

அதே காலத்தில் நம் பர்மாவில் என்ன நடந்தது தெரியுமா? இங்கே ஆயராக இருந்த பிகாந்தே என்ற பிரெஞ்சு வேதபோதகர் பர்மிய மொழி கற்று, பர்மியச் சுவடிகளிலிருந்தே புத்தரின் வரலாற்றை மொழிபெயர்த்து, விரிவான குறிப்புகளோடு 1858-இல் வெளியிட்டார். பௌத்தத்தை ஏற்காத ஒரு கத்தோலிக்க ஆயர், பௌத்தர்கள் சொல்வதை அவர்கள் சொல்கிறபடியே முதலில் கேட்டுக்கொண்டார். உரோமையில் பட்டியல் வருவதற்கு ஆறு ஆண்டுகளுக்கு முன்பு! இந்த மண்ணின் கத்தோலிக்கர்களாகிய நாம் பெருமைப்பட வேண்டிய பரம்பரை இது.

திருப்பம் 1879-இல் வந்தது. திருத்தந்தை 13ஆம் லியோ, நம் பாட்டன்மார் சிங்கராயர் என்று சொன்னார்களே அவர்தான், அக்குவினாவை மீண்டும் படியுங்கள் என்று சுற்றுமடல் எழுதினார். அந்த அழைப்பைப் பழமைக்குத் திரும்பும் வழியாகச் சிலர் எடுத்துக்கொண்டார்கள். பெல்ஜியத்தின் லூவேன் நகரில் மெர்சியே என்ற குரு வேறு விதமாக எடுத்துக்கொண்டார். அவர் நிறுவிய மெய்யியல் கழகத்தில் அறிவியலும் உளவியலும் பாடமாயின. இடையில் 1907-இல் நவீன சிந்தனைக்கேற்ப விசுவாசத்தை மாற்றிச் சொல்லும் போக்கை நவீனவாதம் என்று 10ஆம் பத்திநாதர் கண்டித்தார். 1910 முதல் 1967 வரை குருக்கள் அதற்கெதிராக உறுதிமொழி எடுக்க வேண்டியிருந்தது. நேர்மையான அறிஞர் பலர் வாய்திறக்க அஞ்சிய காலம்.

லூவேனில் இருந்த மரேஷல் என்ற சேசு சபைக் குரு இயற்கை அறிவியலில் முனைவர் பட்டம் பெற்றவர். அவர் கான்ட்டை வரிவரியாகக் கற்றார். நாம் அறிவதெல்லாம் நம் புலனும் மனமும் வடிவமைத்த தோற்றமே, பொருள் தன்னளவில் என்ன என்பது எட்டாது, ஆகவே கடவுளை இவ்வழியில் நிறுவவும் முடியாது, மறுக்கவும் முடியாது என்பது கான்ட்டின் வாதம். மரேஷல் அந்த வாதத்துக்கு உள்ளேயே புகுந்தார். "இது இப்படி இருக்கிறது" என்று மனம் ஒவ்வொரு முறை உறுதி சொல்லும்போதும், அந்தப் பொருள் எல்லைக்குட்பட்டது என்றும் அறிகிறது. எல்லையை எல்லையென்று அறிகிற மனம் ஏற்கெனவே அதைத் தாண்டி நோக்கிவிட்டது. ஒரு விடை கிடைத்ததும் அடுத்த கேள்வி எழுகிறதே, அந்த ஓட்டம் எல்லையற்ற ஒன்றை நோக்கியது. அப்படி ஒன்று இல்லையென்றால் அறிதல் என்ற செயலே பொருளற்றுவிடும் என்றார். இந்த வாதம் அடங்கிய அவரது ஐந்தாம் தொகுதி 1926-இல் வந்தது. கான்ட்டின் வாசலில் நுழைந்தவர் மெய்ப்பொருளிடம் வந்து சேரவே முடியாது என்று ஜில்சன் என்ற பிரெஞ்சு அறிஞர் இந்த வழியையே மறுத்தார். என் மனம் ஜில்சன் பக்கம்தான் சாய்கிறது. ஆனாலும் எதிராளியை அவ்வளவு மதித்துப் படித்த மரேஷலை நான் வணங்குகிறேன்.

அதே லூவேனில் கற்ற, குருவும் அறிவியலாளருமான லெமேத்ர் 1927-இல் பேரண்டம் விரிகிறது என்று கணக்கிட்டு எழுதினார். 1951-இல் திருத்தந்தை 12ஆம் பத்திநாதர் அந்தக் கொள்கையைப் படைப்புக்குச் சான்றாகக் காட்டிப் பேசியபோது, கண்டுபிடித்தவரே அதை விரும்பவில்லை. அறிவியல் கொள்கை நாளை மாறலாம், விசுவாசத்தை அதன்மேல் கட்டக் கூடாது என்று கருதினார். மலிவான சான்று கையில் வந்து விழும்போதும் அதை மறுக்கிற துணிவு அது.

இனி நமக்கு மிக நெருக்கமான ஒன்றுக்கு வருகிறேன். ஹ்யூம் என்ற ஸ்காட்லாந்து மெய்யியலாளர் 1739-இல் எழுதினார்: எனக்குள் உற்றுப் பார்த்தால் சூடு, குளிர், அன்பு, வெறுப்பு என்று ஏதோ ஓர் உணர்வுதான் அகப்படுகிறது, "நான்" என்று ஒன்று அகப்படவேயில்லை. ஐரோப்பியருக்கு இது அதிர்ச்சி தரும் பேச்சு. பர்மாவில் பிறந்த நமக்கு இதில் என்ன அதிர்ச்சி? அனத்தா, நிலையான ஆன்மா என்று ஒன்றில்லை என்பதை இங்கே சிறுவர்கள்கூடக் கேட்டு வளர்கிறார்கள். ஆகவே நவீன சிந்தனை நமக்குக் கப்பலேறி வந்த சரக்கல்ல, தெருவில் கேட்கிற குரல்.

இதற்குப் பதில் தேடும்போது நான் எடித் ஸ்டைனிடம் போகிறேன். யூதக் குடும்பத்தில் பிறந்து, இளமையில் இறைநம்பிக்கையை விட்டு, ஜெர்மன் மெய்யியலாளர் ஹுசெர்லிடம் மெய்யியல் கற்றவர். முதல் உலகப் போரில் செஞ்சிலுவைத் தாதியாகப் பணிசெய்தார். 1916-இல் அவர் முனைவர் பட்டத்துக்கு எடுத்த பொருள், பிறர் மனத்தை நாம் உணர்வது எப்படி என்பது. ஒரு தாய் அழுவதைக் காண்கிறேன். அந்தத் துயரம் என்னுடையதல்ல. ஆனாலும் அது வெறும் கண்ணீர்த் துளியாக எனக்குத் தெரிவதில்லை, அவளுடைய துயரமாகவே தெரிகிறது. அதை உள்ளிருந்து அனுபவிக்கிற ஒருத்தி அங்கே இருக்கிறாள். அவர் எழுத்திலிருந்து நான் பெறும் பதில் இது: "நான்" என்பது உள்ளே தேடினால் அகப்படும் பொருள்களில் ஒன்றல்ல, அதனால்தான் ஹ்யூமுக்கு அகப்படவில்லை. பிறர் முன்னிலையில், அன்பிலும் பொறுப்பிலும் அது வெளிப்படுகிறது. 1922-இல் திருமுழுக்குப் பெற்ற இவர், 1929-இல் ஹுசெர்லையும் அக்குவினாவையும் ஒப்பிட்டுக் கட்டுரை எழுதினார். 1942-இல் ஆவுஷ்விட்சில் கொல்லப்பட்டார். பௌத்த நண்பர் இந்தப் பதிலோடு உடன்பட மாட்டார். இரக்கத்துக்கு நிலையான "நான்" தேவையில்லை என்பார். அதையும் உட்கார்ந்து கேட்க வேண்டும். அது எளிதில் தள்ளக்கூடிய வாதமல்ல.

அன்ஸ்கோம் என்ற ஆங்கிலேயக் கத்தோலிக்க மெய்யியலாளப் பெண்மணியைப் பற்றி ஒரு சொல். 1956-இல் ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகம், ஜப்பான்மேல் அணுகுண்டு வீச ஆணையிட்ட முன்னாள் அமெரிக்க அதிபர் ட்ரூமனுக்குக் கௌரவப் பட்டம் தர முன்வந்தபோது அவர் எதிர்த்து நின்றார். விளைவு நல்லதென்றாலும் குற்றமற்றவர்களைக் கொல்வதை வழியாகத் தேர்ந்தெடுப்பது கொலையே என்றார். இந்த நாட்டில் வாழ்கிற நமக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

அக்குவினாவின் முதல் மறுப்பு மீதி இருக்கிறது: தீமை. தீமையிலிருந்தும் நன்மையைக் கொண்டுவர வல்லவர் என்பதாலேயே கடவுள் அதை அனுமதிக்கிறார் என்று, தூய அகுஸ்தீனைக் காட்டிச் சுருக்கமாகப் பதில் எழுதினார். அதை நான் நம்புகிறேன். ஆனால் 2008-இல் நர்கிஸ் புயலில் பிள்ளையைப் பறிகொடுத்த தாயிடம் போய் அந்த வரியைப் படித்துக் காட்ட எனக்கு மனம் வராது. 1965-இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம், நாத்திகம் தோன்றியதில் விசுவாசிகளுக்கும் பங்குண்டு என்று ஒப்புக்கொண்டது. சரியான விடையை அன்பில்லாமல் சொல்வதும் அந்தப் பங்கில் அடங்கும் என்பது என் எண்ணம்.

சாமியின் அனுமதியோடு ஒன்று கேட்டுக்கொள்கிறேன். ஞாயிறு பூசை முடிந்து ஒரு மணி நேரம் இதே மண்டபத்தில் உட்காருவோம். அந்த இரண்டு மறுப்புகளும் உள்ள பக்கத்தை முதலில் படிப்போம். பௌத்த நண்பர்களையும், கோயிலுக்கே வராத நம் பிள்ளைகளையும் அழைத்து வாருங்கள். மறுப்பை அவர்களே வாசிக்கட்டும்.