துண்டு போட்டுப் பிடித்த இடம்

அவையில் அமர்ந்திருக்கும் பெரியவர்களுக்கும், இடமில்லாமல் பின்னால் நிற்கும் மாணவர்களுக்கும் வணக்கம்.

உங்கள் வீட்டு மாத்திரை டப்பாவில் மெட்டோப்ரோலால், பிசோப்ரோலால், அட்டெனலால் என்று ஏதாவது இருக்கிறதா? நிறைய தலைகள் ஆடுகின்றன. வடநாட்டுக்காரர் பெயர் மாதிரி 'லால்' என்று முடிந்தால் பெரும்பாலும் அது பீட்டா பிளாக்கர்தான், அதாவது இதயத் துடிப்பை மெதுவாக்கும் மாத்திரை.

ஒரு அம்மா என்னிடம் வந்தார். வயது 68. "மாத்திரை ஒரு மாசமா போட்டேன் டாக்டர். நாடியைத் தொட்டுப் பார்த்தா இன்னும் தாறுமாறாத்தான் ஓடுது. வேலை செய்யாத மாத்திரை எதுக்குன்னு மூணு நாள் முன்னாடி நிறுத்திட்டேன்" என்றார். படபடப்பில் பேச்சே திணறியது. நான் ஸ்டெதாஸ்கோப்பை நெஞ்சில் வைத்து எண்ணினேன்: 148. அதே நிமிடத்தில் நர்ஸ் மணிக்கட்டில் எண்ணியது: 112. இருவர் எண்ணியதும் சரி. இதயம் நிரம்புவதற்கு முன்பே அவசரமாகச் சுருங்கினால், தள்ளுவதற்கு ரத்தம் இருக்காது. அந்தத் துடிப்பு கை வரை வந்து சேராது.

அவருக்கு இருந்தது ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன். இதயத்தின் மேல் அறைகள் ஒழுங்காகச் சுருங்காமல் நடுங்கிக்கொண்டிருக்கும். நிமிடத்துக்கு 350 முதல் 600 வரை மின்துடிப்புகள் அங்கே கிளம்பும். அத்தனையும் கீழே இறங்கினால் ஆள் பிழைக்க முடியாது. இறங்க விடாமல் நடுவில் ஏவி நோட் என்று ஒரு சிறு திசு நிற்கிறது. திருவிழாக் கூட்டத்தில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு, பத்துப் பத்துப் பேராக உள்ளே விடுவாரே ஒரு காவலர், அவர் வேலைதான் அதற்கு. பீட்டா பிளாக்கர் போய்ச் சேருவது அந்தக் காவலரிடம். "இன்னும் கொஞ்சம் மெதுவாக விடுங்கள்" என்கிறது. மேலே நடக்கும் தள்ளுமுள்ளு அப்படியேதான் இருக்கும். அதனால் நாடி கோணலாகவே ஓடும், ஆனால் 80, 90 என்று நிதானமாக ஓடும். அந்த அம்மா தொட்டுப் பார்த்தது உண்மை. அதிலிருந்து எடுத்த முடிவுதான் தவறு.

எப்படி மெதுவாக்குகிறது? பயந்தால், ஓடினால், கோபப்பட்டால் அட்ரினலினும் அதன் உறவான நார்அட்ரினலினும் இதயத்துக்கு வருகின்றன. இதயச் செல்லின் மேல் பீட்டா-1 என்ற இருக்கைகள் உண்டு. அதில் வந்து உட்கார்ந்தால்தான் உள்ளே சேதி போகும். கால்சியம் கூடுதலாக நுழையும். துடிப்பு வேகமாகும், கயிறும் தளரும். மாத்திரை என்ன செய்கிறது? பஸ் ஜன்னல் வழியாகத் துண்டு போட்டு இடம் பிடிக்கிறது. அட்ரினலின் ஏறிப் பார்த்தால் சீட்டில் துண்டு. துண்டு எந்தச் சேதியும் அனுப்பாது, சும்மா கிடக்கும். கூட்டம் மிக அதிகமானால் துண்டைத் தள்ளிவிட்டு உட்காருகிறவர்களும் உண்டு. அதனால்தான் ஆளுக்கு ஆள் டோஸ் மாறுகிறது.

இப்படி இரண்டு வகை இருக்கைகள், ஆல்ஃபா, பீட்டா என்று இருக்க வேண்டும் என்று 1948-இல் அமெரிக்காவின் ரேமண்ட் ஆல்க்விஸ்ட் சொன்னார். அதைப் பிடித்துக்கொண்டவர் ஸ்காட்லாந்துக்காரர் ஜேம்ஸ் பிளாக். நெஞ்சுவலிக்காரர் இதயத்துக்கு ஆக்சிஜனை அதிகம் கொடுப்பது எப்படி என்று எல்லோரும் தேடியபோது, அந்த இதயத்தின் தேவையையே குறைத்தால் என்ன என்று அவர் யோசித்தார். முதலில் வந்த ப்ரோனெத்தலால் எலிகளுக்குக் கட்டியை உண்டாக்கியதால் கைவிடப்பட்டது. அடுத்து வந்த ப்ரோப்ரனலால் நிலைத்து நின்றது. 1988-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். நெஞ்சுவலிக்காகத் தேடிய மருந்து தாறுமாறான துடிப்புக்கும் கைகொடுத்தது.

மாத்திரையைத் திடீரென்று ஏன் நிறுத்தக் கூடாது? இருக்கையெல்லாம் துண்டாகவே கிடப்பதைப் பார்த்து, செல் கூடுதலாக இருக்கை போட்டு வைத்திருக்கும். ஒரே நாளில் துண்டை எல்லாம் உருவினால், பழைய இருக்கை, புது இருக்கை எல்லாவற்றிலும் அட்ரினலின் ஏறிக்கொள்ளும். அந்த அம்மாவின் 148-க்கு அதுவும் ஒரு காரணம். நிறுத்தித்தான் ஆக வேண்டுமென்றால், டாக்டர் சொல்லும் கணக்கில் படிப்படியாகக் குறைக்க வேண்டும்.

இன்னொன்று. நடுங்கும் அறையில் ரத்தம் தேங்கிக் கட்டியாகும். மூளைக்குப் போனால் பக்கவாதம். பீட்டா பிளாக்கர் அதைத் தடுக்காது. ரத்தம் உறையாமல் இருக்கத் தனி மாத்திரை கொடுத்திருந்தால், நாடி நிதானமாகிவிட்டது என்று அதை விட்டுவிடாதீர்கள்.

ஆஸ்துமா இருந்தால் முதலிலேயே சொல்லிவிடுங்கள். மூச்சுக்குழாயிலும் பீட்டா இருக்கைகள் உண்டு, பெயர் பீட்டா-2. ப்ரோப்ரனலால் அங்கேயும் துண்டு போடும்; மூச்சுக்குழாய் இறுகிவிடும்.

சர்க்கரைக்காரர்களுக்குக் கடைசியாக ஒரு வார்த்தை. சர்க்கரை இறங்கினால் நெஞ்சு படபடக்கும், கை நடுங்கும் என்றுதானே பழகியிருக்கிறீர்கள்? இந்த மாத்திரை அந்த இரண்டையும் மறைத்துவிடலாம். வியர்வையை மறைக்காது. ஃபேன் ஓடும்போதே சட்டை நனைந்தால், படபடப்பு வரட்டும் என்று காத்திருக்காமல் குளுக்கோமீட்டரை எடுங்கள்.