கணேஷ் எங்கே?

நேயர்களுக்கு வணக்கம்.

ஒரு நடிகரைப் பற்றிப் பேச வேண்டும் என்று வானொலி நிலையத்தார் அழைத்ததும், டெல்லி கணேஷின் பெயரைத்தான் சொன்னேன். அதற்கு என் தாயார்தான் காரணம். கடைசிக் காலத்தில் அவருக்குப் பார்வை மங்கிவிட்டது. தொலைக்காட்சியில் படம் ஓடும், அவர் கேட்டுக்கொண்டிருப்பார். நாயகர்களின் குரல்கள் சில நேரம் குழப்பும். டெல்லி கணேஷ் வாயைத் திறந்ததும், “கணேஷ் வந்துவிட்டார்” என்பார்.

தாமிரபரணிப் பக்கத்து வல்லநாட்டில் 1944-இல் பிறந்தவர் கணேசன். 1964 முதல் பத்தாண்டுகள் விமானப்படையில் பணி. டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். பிறகு சென்னையில் காத்தாடி ராமமூர்த்தியின் குழு. விசு எழுதிய ‘பட்டினப் பிரவேசம்’ நாடகத்தை கே. பாலசந்தர் 1977-இல் படமாக்கியபோது திரைக்கு வந்தார். ‘டெல்லி கணேஷ்’ என்று பெயரிட்டவரும் பாலசந்தர்தான்.

சபா நாடகம் வசனத்தால் நிற்பது. கண்ணசைவு பத்தாவது வரிசையை எட்டாது. சொல் எட்டியாக வேண்டும். அங்கே பழகியவர்கள் பலர் கேமராவுக்கு முன்னாலும் கடைசி வரிசைக்கே பேசிக்கொண்டிருந்தார்கள். இவர் குரலைத் தணித்துக்கொண்டார். சொல்லின் கடைசி எழுத்தை மட்டும் ஒருநாளும் விழுங்கவில்லை. நானும் சில காலம் மேடையில் நின்றவன். இது எவ்வளவு கடினம் என்று எனக்குத் தெரியும்.

‘பசி’ படத்தில், 1979-இல், ரிக்‌ஷாக்காரராகச் சென்னைத் தமிழ் பேசினார். தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. அதற்குப் பிறகும் அவரை ‘ஐயர் வேடக்காரர்’ என்று ஒற்றை வரியில் சொல்லிவிடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடே இல்லை. ‘நாயகன்’ படத்து ஐயர், தலைவனின் நிழலில் வாழ்பவர். பேச்சிலும் ஓரடி பின்னால்தான் நிற்பார். ‘மைக்கேல் மதன காமராஜன்’ படத்துப் பாலக்காட்டு மணி ஐயரின் தமிழில் மலையாளத்து இழுப்பு இருக்கும். ‘அவ்வை சண்முகி’யின் சேதுராமய்யருக்குக் காரியம் சாதிக்கும் குழைவு. மூவரையும் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப் பாருங்கள். மூன்று வீடுகள், மூன்று வளர்ப்புகள்.

நானூறுக்கும் மேற்பட்ட படங்கள். 2024 நவம்பர் 9 அன்று, எண்பதாவது வயதில் காலமானார்.

அவர் நடித்தவற்றில் என் மனத்துக்கு நெருக்கமானது 1985-இல் வந்த ‘சிந்து பைரவி’. அதில் அவர் மிருதங்க வித்துவான் குருமூர்த்தி. குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வருகிறார். பாடகர் அவரை விலக்கிவிட்டு, மிருதங்கம் இல்லாமலே பாடுகிறார். அந்தப் படம் ஒருநாள் எங்கள் வீட்டில் ஓடிக்கொண்டிருந்தது. பாட்டு நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. அம்மா மட்டும் தலையைத் தூக்கி, என் பக்கம் திரும்பிக் கேட்டார்: “தாளம் கேட்கவில்லையே, கணேஷ் எங்கே?”