'காசபிளாங்கா' மேஜர் நிஜத்துலயும் நாஜியா? ஒரு நேயர் கேள்விக்குப் பதில்

நேயர் ஒருத்தர் கேட்டிருக்கார்: "காசபிளாங்காங்கற பழைய ஹாலிவுட் படத்துல மேஜர் ஸ்ட்ராஸரா வர்றவர் அசல் நாஜி அதிகாரி மாதிரியே இருக்காரே. நிஜத்துலயும் அந்தக் கட்சி ஆளா? வேற என்ன படம் பண்ணியிருக்கார்?"

இல்லைங்க, நேர் எதிர். அவர் பேரு கொன்ராட் ஃபைட். 1893ல பெர்லின்ல பிறந்தவர். 1933ல ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் சினிமாக்காரங்க எல்லாரும் என்ன இனம்னு படிவத்துல எழுதித் தரணும்னு வந்துச்சு. இவர் யூதர் கிடையாது, மனைவிதான் யூதர். ஆனா தன் பேருக்கு நேரா 'யூதர்'னே எழுதிக் குடுத்தார்னு சொல்றாங்க. அந்த வருஷமே மனைவியோட இங்கிலாந்து போயிட்டார். பின்னாடி பிரிட்டிஷ் குடிமகனாவும் ஆனார். அப்படிப்பட்ட மனுஷன்தான் ஹாலிவுட்ல போய் நாஜியா நடிச்சார். அந்த ஆளுங்க எப்படிப்பட்டவங்கன்னு உலகத்துக்குக் காட்டணும்னுதான் அந்த வேஷங்களை ஏத்துக்கிட்டார்ங்கறது என் எண்ணம். ஸ்ட்ராஸர் பெரும்பாலும் கத்த மாட்டார், கவனிச்சுப் பாருங்க. மரியாதையா, சிரிச்ச முகமா பேசுவார். அதனாலதான் நமக்கு வயித்தக் கலக்குது.

ரெண்டாவது கேள்விக்கு வர்றேன். மாக்ஸ் ரைன்ஹார்ட்ங்கற பெரிய நாடக இயக்குநரோட குழுவுல வளர்ந்தவர் இவர். 1919ல 'டிஃபரன்ட் ஃப்ரம் தி அதர்ஸ்' படத்துல ஒரு வயலின் கலைஞரா நடிச்சார். ஒரு ஆணை நேசிச்ச அந்தக் கலைஞரை, சட்டத்தைக் காட்டி மிரட்டிப் பணம் பறிக்கிற கதை. அந்தக் காலத்துல, அந்த வேஷத்த ஏத்துக்கவே எவ்வளவு துணிச்சல் வேணும்! மறு வருஷம் 'தி கேபினெட் ஆஃப் டாக்டர் காலிகரி'ங்கற ஜெர்மன் மௌனப் படம் வந்துச்சு. அதுல இவருக்கு, தூக்கத்துலயே நடந்து போய்க் கொலை பண்ற செஸாரேங்கற வேஷம். பெட்டிக்குள்ள நின்னுக்கிட்டே கண்ணைத் திறக்கற காட்சி ஒண்ணு இருக்கு. மொதல்ல முகம் லேசாத் துடிக்கும், அப்புறம் இமை கொஞ்சம் கொஞ்சமா விலகும், கடைசியில அந்தக் கண்ணு நம்மளையே பார்க்கும். இன்னொரு காட்சியில சுவரோட ஒட்டிக்கிட்டு, ஒரு கையை மேல தூக்கி அப்படியே நழுவிப் போவார். அந்தப் படத்துல செட்டே கோணல்மாணலா வரைஞ்சு வச்சதுதான். இவர் உடம்பும் அந்த ஓவியத்துல ஒரு கோடாவே ஆயிடுது.

எனக்கு ரொம்பப் பிடிச்சது 1928ல வந்த ஹாலிவுட் படம் 'தி மேன் ஹூ லாஃப்ஸ்'. சின்ன வயசுல வாயைக் கிழிச்சு விட்டதால எப்பவும் சிரிச்ச மாதிரியே இருக்கிற ஒருத்தன் கதை. வாய்க்குள்ள ஒரு பல்செட் மாதிரி மாட்டி, கொக்கியால ரெண்டு ஓரத்தையும் இழுத்து வச்சிருப்பாங்க. அதைப் போட்டுக்கிட்டுப் பேசவே முடியாது. மௌனப் படம்ங்கறதால சமாளிச்சாச்சு. அப்ப நடிக்கிறதுக்கு மிச்சம் என்ன? கண்ணு மட்டும்தான். வாய் சிரிக்குது, கண்ணு அழுவுது. ஊரே பார்த்துச் சிரிக்கும்போது அவன் துணியால வாயை மூடுவான் பாருங்க, அங்க நான் கலங்கிடுவேன். பேட்மேன் கதையில வர்ற ஜோக்கர் முகத்துக்கு இந்தப் படத்துல இருந்த இவர் போட்டோதான் தூண்டுதல்னு பேட்மேனை உருவாக்கினவங்கள்ல ஒருத்தரான பாப் கேன் சொல்லியிருக்கார்.

பேசும் படம் வந்தப்ப இவருக்கு இங்கிலீஷ் சரியா வரல. ஜெர்மனிக்கே திரும்பிட்டார். ஆனா விடல. பிரிட்டன்ல போய் அந்த மொழியிலயே முன்னணி நடிகரா நின்னார். 1940ல 'தீஃப் ஆஃப் பாக்தாத்'. நம்ம மைசூர்ப் பக்கத்துல பிறந்த சாபுதான் அதுல திருடன், இவர் மந்திரவாதி ஜாஃபர். வில்லன்தான், ஆனா இளவரசி மேல அவன் வச்ச ஆசை பொய்யில்லைன்னு அந்தப் பார்வையிலயே தெரியும்.

1943 ஏப்ரல்ல மாரடைப்பு. 50 வயசுதான். காசபிளாங்காவுக்கு ஆஸ்கார் கிடைச்சதைப் பார்க்க அவர் இல்ல.

எதுல ஆரம்பிக்கலாம்னா, காலிகரியையே பாருங்க. 2014ல புதுப்பிச்ச பிரதி ரொம்பத் தெளிவா இருக்கு. அது முடிஞ்ச கையோட காசபிளாங்காவுல ஸ்ட்ராஸர் விமானத்துல வந்து இறங்குற காட்சியைப் போடுங்க. ரெண்டும் ஒரே ஆள்தான்னு நம்ப முடியாது.