செதில் தின்னும் மீனின் கோணல் வாய்

நேயர்களுக்கு வணக்கம். நம் ஊர்க் குளங்களில் வலையில் சிக்கும் ஜிலேபி மீன் உங்கள் எல்லோருக்கும் தெரிந்திருக்கும். ஆப்பிரிக்காவிலிருந்து வந்த அந்த மீன், சிக்லிட் என்னும் குடும்பத்தைச் சேர்ந்தது. இன்று நான் பேசப்போவது அதன் தூரத்து உறவுக்காரர் ஒருவரைப் பற்றி. பெயர், பெரிசோடஸ் மைக்ரோலெப்பிஸ். நீளம் 10, 11 சென்டிமீட்டர்தான். ஆனால் எனக்குத் தெரிந்த மீன்களில் இதைப்போல் என்னை யோசிக்கவைத்தது வேறில்லை.

இது வாழ்வது டாங்கனிக்கா ஏரியில். தான்சானியா, காங்கோ, புருண்டி, ஜாம்பியா என்று நான்கு நாடுகளைத் தொட்டுக்கொண்டு சுமார் 670 கிலோமீட்டர் நீண்டு கிடக்கும் ஏரி. ஆழத்தில் பைக்கால் ஏரிக்கு அடுத்தபடி உலகிலேயே இதுதான்.

பெரிசோடஸுக்கு உணவு, மற்ற மீன்களின் செதில்கள். இரையின் பின்புறமாக மெல்ல நெருங்கும். சட்டென்று பாய்ந்து, விலாவில் வாயை வைத்து, உடம்பை ஒரு திருகு திருகும். உள்நோக்கி வளைந்த அகலப் பற்களில் சில செதில்கள் பெயர்ந்து வரும். அடிபட்ட மீன் சாவதில்லை. செதில் மறுபடி முளைத்துவிடும். ஆனால் இரை மீன்களும் ஏமாந்தவை அல்ல. பெரும்பாலான பாய்ச்சல்கள் வீணாகத்தான் போகும்.

சரி, வாய்க்கு வருவோம். இந்த மீனின் வாய் நேராக இல்லை. சிலவற்றுக்கு வலப்பக்கம் கோணியிருக்கும், சிலவற்றுக்கு இடப்பக்கம். வாய் வலப்பக்கம் திரும்பியிருந்தால், பின்னாலிருந்து வரும்போது இரையின் இட விலாவைக் கடிப்பது சுலபம். இடப்பக்கம் திரும்பியது வல விலாவைக் கடிக்கும். பிடிபட்ட மீன்களின் வயிற்றிலிருந்த செதில்களின் வடிவைப் பார்த்தே, அவை எந்த விலாவிலிருந்து வந்தவை என்று ஆய்வாளர்கள் கண்டுபிடித்தார்கள்.

இரண்டு வகையும் ஏன் நிலைத்திருக்கின்றன? ஒரு வகை மற்றதை ஒழித்துவிடக் கூடாதா? ஜப்பானிய ஆய்வாளர் மிச்சியோ ஹோரி இதற்கு 1993-இல் விடை சொன்னார். வலக்கோணல் மீன்கள் பெருகினால், இரை மீன்கள் அடிக்கடி இட விலாவில்தான் கடிபடும். அதனால் அந்தப் பக்கத்தையே உஷாராகக் காவல் காக்கும். அப்புறம் என்ன, காவல் குறைந்த வலப்பக்கம் சிறுபான்மையினரான இடக்கோணல் மீன்களுக்குத் திறந்த வாசல். அவை நன்றாகத் தின்று பெருகும். பெருகியதும் நிலைமை தலைகீழாகும். ஆண்டுக்கணக்கில் மீன்களைப் பிடித்து எண்ணிப் பார்த்ததில், இரு வகையும் பாதிக்குப் பாதி என்ற அளவை ஒட்டியே ஏறி இறங்குவதை அவர் கண்டார். ஒரு சுற்று முடிய ஏறக்குறைய 5 ஆண்டுகள். சிறுபான்மையாக இருப்பதே பலமாகிவிடும் இந்த ஏற்பாட்டை ஏரியிலேயே எண்ணிக் காட்டியதுதான் அவருடைய பெரிய சாதனை என்பேன்.

கோணல் முழுக்கப் பிறவியில் வருவதா என்பதில் ஆய்வாளர்களிடையே விவாதம் உண்டு. ஆனால் எந்தப் பக்கம் பாய்வது என்பதில் பழக்கத்துக்கும் பங்கிருக்கிறது. தொட்டியில் தீவனம் மட்டும் கொடுத்து வளர்த்த, செதிலையே அறியாத குஞ்சுகளிடம் ஜப்பானிய ஆய்வாளர்கள் தங்கமீனை விட்டுப் பார்த்தார்கள். முதலில் அவை இரண்டு பக்கமும் பாய்ந்தன. பாயப் பாய, எந்தப் பக்கம் தன் வாய்க்கு வாகாக இருக்கிறது என்று ஒவ்வொன்றும் கற்றுக்கொண்டு, பிறகு அந்தப் பக்கமே போகத் தொடங்கியது. நன்றி, வணக்கம்.